பெயர் சொல்லி அழைக்கப்பட்டவர்கள்

பங்கு அலுவலகங்களில் உள்ள ஏடுகளுள் மிக எளியது திருமுழுக்குப் பதிவேடு. குழந்தையின் பெயர், பிறந்த நாள், பெற்றோர், ஞானப்பெற்றோர், திருமுழுக்கு வழங்கிய குரு என ஒரு மனிதருக்குச் சில வரிகளே அதில் உண்டு. பிற்காலத்தில் அவர் உறுதிப்பூசுதல் பெற்றால், திருமணம் செய்தால், அச்செய்தியும் அவ்வரியின் ஓரத்திலேயே குறிக்கப்படும். சென்னையிலிருந்து விழுப்புரம் செல்லும் இருப்புப்பாதையில் திண்டிவனத்திற்கு முன்னே அமைந்த ஒலக்கூரைச் சுற்றிலும் வாழும் நம் மக்களுள் பலருடைய முன்னோர்க்குப் பட்டா இல்லை, பத்திரம் இல்லை, அவர்களைப் பற்றிய நூலும் இல்லை. அவர்கள் இம்மண்ணில் வாழ்ந்தார்கள் என்பதற்குச் சான்று கூறும் எழுத்து பல வேளைகளில் இந்த ஒரு வரிதான். எனவே தன்மதிப்பைப் பற்றிச் சிந்திக்கும் நாம் இவ்வேட்டைத் திறந்து வைத்துக்கொண்டு சிந்திப்பது பொருத்தமாகும்.

தாழ்வு மனப்பான்மையை அகற்று, உன்னையே நீ மதித்துக்கொள் என்று இக்கால உளவியல் நூல்கள் இளைஞருக்கு அறிவுரை கூறுகின்றன. அது நல்ல அறிவுரையே. ஆயினும் விவிலியம் இக்கேள்விக்கு வேறொரு வாயில் வழியாக நுழைகிறது. மனிதன் தன்னைத் தானே உற்றுநோக்கித் தன் மதிப்பைக் கண்டுபிடிப்பதில்லை. அவனைப் பெயர் சொல்லி ஒருவர் அழைக்கிறார், அப்போது அவன் தான் யார் என்று அறிகிறான். கல்லறைத் தோட்டத்தில் அழுதுகொண்டு நின்ற மரியா, தன் பெயர் ஒலித்த நொடியில் ஆண்டவரை அடையாளம் கண்டாள். லூக்கா நற்செய்தி 16ஆம் அதிகார உவமையில் செல்வனுக்குப் பெயர் இல்லை. அவன் வாயிலில் கிடந்த ஏழைக்கு இலாசர் என்னும் பெயர் இருக்கிறது. உலகம் வைத்திருக்கும் பட்டியலை இறைவன் தலைகீழாகப் புரட்டி எழுதுகிறார் என்பதற்கு இதனினும் தெளிவான சான்று வேண்டுமோ?

தமிழகத் திருச்சபை இவ்வுண்மையைப் பெயர்களிலேயே பொதிந்து வைத்தது. மறைபோதகர்கள் புனிதர்களின் பெயர்களைப் பொருள் உணர்ந்து தமிழாக்கினர். கடவுளின் அருள் எனப் பொருள்படும் யோவான் அருளப்பர் ஆனார். சிறியவர் எனப் பொருள்படும் பவுல் சின்னப்பர் ஆனார். மணிமுடி எனப் பொருள்படும் ஸ்தேவான் முடியப்பர் ஆனார். 1693இல் ஓரியூரில் மறைச்சாட்சியாக இறந்த ஜான் தெ பிரிட்டோவை இன்றும் நாம் அருளானந்தர் என்றே போற்றுகிறோம். வயலில் கூலிக்கு உழைத்தவரின் மகனுக்கு மணிமுடியின் பெயர் கிடைத்ததை எண்ணிப் பாருங்கள். அப்பெயரைச் சொல்லி அழைத்த தாய் நாள்தோறும் தன் மகனுக்கு ஒரு மறையுரை ஆற்றினாள் என்றே கூறலாம்.

ஆனால் பெயரைக் கொடுத்தவர்கள் அதற்குரிய மதிப்பையும் கொடுத்தார்களா? இவ்விடத்தில் நம் புதுவை மறைப்பணியின் வரலாறு பேசத் தொடங்குகிறது. சீனாவுக்குச் செல்லும் வழியில் திருத்தந்தையின் தூதரான தூர்னோன் 1703ஆம் ஆண்டு நவம்பரில் புதுச்சேரியில் வந்து தங்கினார். 1704ஆம் ஆண்டு ஜூன் 23ஆம் நாளிட்ட ஆணை ஒன்றை அவர் வெளியிட்டார். மலபார் சடங்குகள் பற்றிய நெடிய சர்ச்சையில் அவ்வாணை பெரிதும் பேசப்படுகிறது. அதன் இரண்டு கூறுகள் நம் பொருளுக்கு நெருக்கமானவை. திருமுழுக்குப் பெறுவோருக்குப் புனிதர்களின் பெயரை இட வேண்டும் என்பது ஒன்று. நோயுற்றுக் கிடக்கும் ஒடுக்கப்பட்ட மக்களின் இல்லங்களுக்குள் சென்று அருட்சாதனங்களை வழங்க மறைபோதகர்கள் மறுத்தல் கூடாது என்பது மற்றொன்று. இரண்டாவது விதியை எழுத வேண்டிய தேவை எழுந்ததே, அக்கால நிலையை நமக்குச் சொல்லிவிடுகிறது. பெயர் புனிதருடையது, அப்பெயரைத் தாங்கியவரின் குடிசைக்குள் நுழையவோ தயக்கம். 1744இல் திருத்தந்தை 14ஆம் ஆசீர்வாதப்பர் இச்சர்ச்சைக்கு முடிவு கூறியபோதும் இத்தயக்கம் நீங்கிவிடவில்லை. ஒடுக்கப்பட்ட மக்களுக்கெனத் தனி மறைபோதகர்களை அமர்த்தும் ஏற்பாடே கைக்கொள்ளப்பட்டது.

அதற்கு அடுத்த ஆண்டு நிகழ்ந்ததை ஆனந்தரங்கப் பிள்ளை தம் நாட்குறிப்பில் பதிந்திருக்கிறார். புதுச்சேரிக் கோயிலினுள் ஒடுக்கப்பட்ட கிறிஸ்தவர்களைப் பிறரிடமிருந்து பிரித்து ஒரு சுவர் நின்றது. 1745இல் அம்மக்கள் திரண்டு மூத்த குருவிடம் சென்றனர். நாங்களும் உம்முடைய சீடர்கள்தாம் என்றால் எங்களை ஏன் வேறாக நடத்துகிறீர், ஆண்டவர் தம்மை வணங்குவோரிடையே வேற்றுமை வைக்கவில்லையே என்னும் கருத்துப்பட முறையிட்டனர். குரு அதனை ஏற்றுச் சுவரை இடிக்கச் செய்தார். பிற சாதியார் சினந்தெழுந்தனர் என்பதையும் அக்குறிப்பு மறைக்கவில்லை. அவர்கள் இரக்கத்தைக் கெஞ்சிக் கேட்கவில்லை என்பதே நாம் கூர்ந்து நோக்க வேண்டியது. திருமுழுக்கில் தங்களுக்குச் சொல்லப்பட்டதை அப்படியே உண்மை என்று எடுத்துக்கொண்டு, சொன்னவரையே அதற்குப் பொறுப்பாக்கினர். கிறிஸ்தவத் தன்மதிப்பின் வரலாற்றில் நம் மறைமாவட்டத்திற்கு உரிய முதல் ஏடு இதுவே எனலாம்.

1876 முதல் 1878 வரை சென்னை மாகாணத்தை வாட்டிய பெரும் பஞ்சத்தின் போதும் அதனை ஒட்டிய ஆண்டுகளிலும் இப்பகுதிகளில் ஏராளமானோர் திருமறையில் சேர்ந்தனர். சேத்துப்பட்டில் உழைத்த தாராஸ் அடிகளாரின் கைகளால் ஆயிரக்கணக்கானோர் திருமுழுக்குப் பெற்றனர். கஞ்சிக்காக மதம் மாறியவர்கள் என்னும் ஏளனம் அவர்களைத் தொடர்ந்தது. அவர்தம் பேரப்பிள்ளைகளின் காதுகளிலும் விழுந்தது. பசித்தவன் உணவு தந்தவரை நாடியது குற்றமா? அப்பம் உண்டு நிறைவுற்ற மக்கள் இயேசுவைத் தேடி வந்தபோது அவர் அவர்களைத் துரத்தவில்லை; அழியா உணவைப் பற்றிப் பேசினார். பஞ்சம் தீர்ந்த பின்னரும் தலைமுறை தலைமுறையாகச் செபமாலையைக் கைவிடாத மக்களைக் கஞ்சியால் மட்டும் விளக்கிவிட இயலாது. மனிதர் என்று ஒருவர் தங்களை அழைத்ததை அவர்கள் மறக்கவில்லை.

தன்மதிப்பின் குரல் திருச்சபைக்கு வெளியேயும் ஒலித்தது. ஒலக்கூருக்கு வடக்கே, அதே இருப்புப்பாதையில் உள்ள செங்கல்பட்டில் 1929ஆம் ஆண்டு பிப்ரவரி 17, 18 ஆகிய நாள்களில் முதலாவது சுயமரியாதை மாநாடு கூடியது. பெயருக்குப் பின்னால் சாதிப்பட்டம் இடுவதைக் கைவிட வேண்டும் என்று அம்மாநாடு தீர்மானித்தது. பெரியாரின் இறைமறுப்பு நமக்கு உடன்பாடன்று. எனினும் மனிதனின் பெயரில் ஒட்டியிருந்த சங்கிலியை அவ்வியக்கம் சரியாகவே கண்டுகொண்டது. திருமுழுக்குத் தொட்டியருகே நாம் அறிவிக்கும் உண்மையின் ஒரு பகுதியைப் பிறர் நமக்கு நினைவூட்டும்போது நன்றியோடு ஏற்பதே அறிவுடைமை.

விடுதலைக்குப் பின் பெயரே சுமையானது. 1950ஆம் ஆண்டின் குடியரசுத் தலைவர் ஆணை, இந்து சமயத்தவர் அல்லாதாரைப் பட்டியல் சாதியினராகக் கருதலாகாது என்றது. 1956இல் சீக்கியருக்கும் 1990இல் பௌத்தருக்கும் அக்கதவு திறந்தது, கிறிஸ்தவருக்குத் திறக்கவில்லை. சென்னையில் சாலையோரம் அமர்ந்து செருப்புத் தைத்தவர்களுக்கு அரசு இலவசமாகக் கடைப்பெட்டிகளை வழங்கியபோது, கிறிஸ்தவர் என்பதால் சூசை என்பவருக்கு அது மறுக்கப்பட்டது. அவர் உச்ச நீதிமன்றம் வரை சென்றார். மதம் மாறிய பின்னரும் அதே கடுமையோடு சாதிக்கொடுமை தொடர்கிறது என்பது நிறுவப்படவில்லை என்று 1985 செப்டம்பர் 30 அன்று நீதிமன்றம் அவர் மனுவைத் தள்ளியது. உழைப்பாளரின் பாதுகாவலராம் வளனாரின் பெயரே சூசை என்பதை எண்ணும்போது நம் நெஞ்சம் கனக்கிறது. 2024 நவம்பரில் புதுச்சேரிப் பெண் ஒருவரின் சான்றிதழ் வழக்கிலும், அவர் திருமுழுக்குப் பெற்ற செய்தி அவருக்கு எதிரான சான்றாக அமைந்தது.

இதன் விளைவாக நம் குடும்பங்கள் பலவற்றில் பிள்ளைக்கு இரு பெயர்கள் வழங்குகின்றன. கோயில் ஏட்டில் ஒன்று. பள்ளிச் சான்றிதழில் மற்றொன்று. இதனைக் கபடம் என்று பழிப்பவர் உண்டு. ஒரு பெயரை ஏற்றால் உணவும் மறு பெயரை ஏற்றால் ஆன்மாவும் பறிபோகும் என்னும் நிலையில் பெற்றோரை நிறுத்தியது யார் என்று அவர்கள் கேட்பதில்லை. ஆளைப் பார்த்து எந்தப் பெயரைச் சொல்வது எனத் தயங்கும் பிள்ளையிடம் தன்னம்பிக்கையைப் பற்றி வகுப்பெடுப்பதால் மட்டும் பயன் விளையுமா?

அரசை நோக்கி நீட்டும் விரலை நம்மை நோக்கியும் திருப்புதல் நேர்மை. 2003 நவம்பரில் தமிழக ஆயர்களிடம் உரையாற்றிய திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுல், சாதி வேற்றுமை திருச்சபையின் பணிக்கு இடையூறு என்று கண்டித்தார். அதன் பின்னரும் 2008 மார்ச்சில் இறையூரில் ஒரே விசுவாசத்தாரிடையே மோதல் மூண்டு, காவல்துறையின் துப்பாக்கிச் சூட்டில் இருவர் மாண்டனர். 2016இல் இந்திய ஆயர் பேரவை தலித் மக்களின் மேம்பாட்டிற்கான கொள்கை ஆவணத்தை வெளியிட்டது. ஆவணம் வந்தது நன்று. அது கல்லறைத் தோட்டத்தின் வேலிவரை, தேர் செல்லும் தெருவரை வந்தாக வேண்டும்.

இங்கே தாழ்ச்சி என்னும் புண்ணியத்தைப் பற்றி ஒரு சொல் கூறுவோம். ஏற்கெனவே குனிய வைக்கப்பட்டவரிடம் மேலும் குனியச் சொல்வது நற்செய்தி ஆகாது. யோவான் நற்செய்தி 13ஆம் அதிகாரத்தைப் பொறுமையாக வாசியுங்கள். தாம் தந்தையிடமிருந்து வந்ததையும் அவரிடமே திரும்புவதையும் அறிந்தவராக இயேசு எழுந்தார். அதன் பின்னரே துண்டைக் கட்டிக்கொண்டு சீடரின் பாதங்களைக் கழுவினார். தாம் யார் என்ற தெளிவு முதலில். பணிவு அதன் கனி. நிமிர்ந்து நிற்கத் தெரிந்தவரே அன்பினால் குனிய முடியும். பிறர் குனிய வைத்ததால் குனிந்தவரிடம் இருப்பது தாழ்ச்சியன்று, காயம்.

ஆகவே தன்மதிப்பு தனிமனிதர் தம் அறையில் அமர்ந்து வளர்த்துக்கொள்ளும் பயிற்சி மட்டுமன்று. அழைப்பவர் ஒருவர் வேண்டும்; அவ்வழைப்பை மெய்யாக்கும் சமூகமும் வேண்டும். திருமுழுக்குச் சடங்கின் தொடக்கத்தில் குரு பெற்றோரிடம், இக்குழந்தைக்கு என்ன பெயரிடுகிறீர்கள் என்று வினவுகிறார். விடையைக் கேட்டவர்கள் அங்கே கூடியிருக்கும் நாம் அனைவரும். கேட்ட பின் அப்பெயரை மரியாதையோடு அழைக்க, அப்பெயருக்குரியவர் பக்கத்தில் அமர, அவர் இறந்தால் ஒரே மண்ணில் அடக்கம் செய்ய நாம் கடமைப்பட்டவர்கள் ஆகிறோம். 1745இல் மூத்த குருவிடம் சென்றவர்கள் கேட்டது இவ்வளவுதான். அக்கேள்வியை இன்னொரு தலைமுறை கேட்கும்படி விட்டுவைப்பது நமக்குத் தகாது.