மூன்று நாள் முந்திய மனிதர்

உங்கள் உடம்பு யாருக்குச் சொந்தம்?

‘இதென்ன கேள்வி, எனக்குத்தான்!’ என்பீர்கள். நியாயம்தான். ஆனால், 1990-களின் கடைசியில் நீங்கள் அமெரிக்காவில் வசித்திருந்தால் அவ்வளவு தைரியமாகச் சொல்லியிருக்க முடியாது. உங்கள் செல்லுக்குள் இருக்கும் ஏதோ ஒரு ஜீன் மீது எங்கோ ஒரு கம்பெனி பேடன்ட் வாங்கி வைத்திருக்கும். அந்த ஜீனில் கோளாறு இருக்கிறதா என்று பார்க்க, அந்தக் கம்பெனி சொல்கிற விலைதான் விலை. வேறு லேபுக்குப் போக முடியாது!

ஒன்றிரண்டு ஜீன்களோடு போயிருந்தால் பரவாயில்லை. மொத்த மனிதனையுமே இப்படிப் பட்டா போட்டுவிடுவார்களோ என்று பயப்படுகிற நிலைமை ஒரு கட்டத்தில் வந்தது. அதைத் தடுத்த கதைதான் இது.

முதலில் ஒரு சின்ன அறிமுகம். நம் ஒவ்வொரு செல்லுக்குள்ளும் டி.என்.ஏ. என்ற நீளமான இழை சுருண்டு கிடக்கிறது. அதில் எழுதியிருப்பது ஏ, சி, ஜி, டி என்ற நாலே நாலு எழுத்து. அந்த நாலும் மாறி மாறி சுமார் 300 கோடி தடவை வருகின்றன. மூக்கு எப்படி இருக்கவேண்டும், ரத்தம் எப்படி உறையவேண்டும் என்பதற்கான குறிப்பெல்லாம் இந்த எழுத்துக்களில்தான். மொத்தப் புத்தகத்துக்கும் பெயர் ஜீனோம்.

இதை ஓர் எழுத்து விடாமல் படித்துவிடுவது என்று 1990-ல் முடிவு செய்தார்கள். 15 வருடம், 300 கோடி டாலர் என்று திட்டம். எழுத்துக்கு ஒரு டாலர்! அமெரிக்க அரசு ஆரம்பித்தது. பிறகு பிரிட்டன், பிரான்ஸ், ஜெர்மனி, ஜப்பான், சீனா என்று ஆறு நாட்டு விஞ்ஞானிகள் சேர்ந்து இழுத்த தேர் இது.

தேர் கிளம்பிய கொஞ்ச நாளிலேயே தகராறு. டி.என்.ஏ.வின் வடிவத்தைக் கண்டுபிடித்த இருவரில் ஒருவரான ஜேம்ஸ் வாட்சன்தான் அமெரிக்கப் பக்கத்தின் முதல் தலைவர். அரசு ஆய்வகமே ஜீன் துண்டுகளுக்கு பேடன்ட் கேட்டு விண்ணப்பித்தபோது மனிதர் கொதித்துப் போனார். மேலிடத்தோடு மோதல் முற்றி, 1992-ல் பதவியை உதறினார். பின்னால் அந்த நாற்காலிக்கு வந்தவர் பிரான்சிஸ் காலின்ஸ்.

அந்தத் துண்டுகளை மளமளவென்று கண்டுபிடித்துக் குவித்த விஞ்ஞானியின் பெயரை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். கிரெய்க் வென்ட்டர். வியட்நாம் போரில் கடற்படை மருத்துவ உதவியாளராக இருந்தவர். அபார மூளை. அதைவிட அபாரமான அவசரம்!

1996 பிப்ரவரியில் பெர்முடா தீவில் விஞ்ஞானிகள் கூடினார்கள். பிரிட்டன் குழுவின் தலைவர் ஜான் சல்ஸ்டன் போர்டில் ஒரு விதியை எழுதினார். ஆயிரம் எழுத்துக்கு மேல் யார் படித்துக் கோத்தாலும், 24 மணி நேரத்துக்குள் உலகத்துக்கே இலவசமாக வெளியிட்டுவிட வேண்டும். வருடக்கணக்கில் ரகசியமாக வைத்திருந்து, பேப்பர் வெளியிட்டுப் பெயர் வாங்குவதுதான் அதுவரை விஞ்ஞானிகள் வழக்கம். அதைத் தூக்கிப் போட்டார்கள்.

1998 மே மாதம் வெடித்தது குண்டு. வென்ட்டர் தனியார் முதலீட்டோடு ஒரு கம்பெனி ஆரம்பிப்பதாக அறிவித்தார். பெயர், செலரா. ‘மூன்றே வருடத்தில் நான் முடித்துக்காட்டுகிறேன்’ என்றார். செலவும் அரசுத் திட்டத்தில் பத்தில் ஒரு பங்குதான்.

எப்படி முடியும்? டெலிபோன் டைரக்டரியில் பத்து காப்பி வாங்குங்கள். எல்லாவற்றையும் துண்டு துண்டாகக் கிழித்துக் கலந்துவிடுங்கள். இந்தத் துண்டின் கடைசி வரிகள் எந்தத் துண்டின் முதல் வரிகளோடு ஒத்துப்போகின்றன என்று பார்த்து ஒட்டிக்கொண்டே வாருங்கள். முழு டைரக்டரி ரெடி. வென்ட்டரின் டெக்னிக் இதுதான். ஒரு பாக்டீரியாவின் 18 லட்சம் எழுத்துக்களை இப்படித்தான் 1995-ல் படித்துக்காட்டியிருந்தார்.

ஆனால் மனிதன் பாக்டீரியா இல்லையே! டைரக்டரியில் ‘சுப்ரமணியன்’ பக்கம் பக்கமாக வருவதுபோல, நம் ஜீனோமில் பாதிக்குப் பாதி, வந்ததே திரும்பத் திரும்ப வரும் சமாச்சாரம். எந்த சுப்ரமணியனை எந்த சுப்ரமணியனோடு ஒட்டுவது? அதனால் அரசுத் தரப்பு நிதானமாகப் போனது. முதலில் புத்தகத்தை ஒன்றரை லட்சம் எழுத்து அளவில் அத்தியாயங்களாகப் பிரித்து, அடையாளம் வைத்து, அப்புறம் ஒவ்வோர் அத்தியாயத்தையும் தனித்தனியாகக் கிழித்து ஒட்டினார்கள்.

செலராவின் வியாபாரம் சுலபமானது. தகவல் வேண்டுமா? சந்தா கட்டு. முக்கியமான ஜீனா? பேடன்ட். 1999 அக்டோபரில் மட்டும் 6,500 ஜீன்கள் மற்றும் ஜீன் துண்டுகளுக்குப் பூர்வாங்க விண்ணப்பம் போட்டது. இதில் வேடிக்கை என்னவென்றால், அரசு விஞ்ஞானிகள் தினமும் இலவசமாக வெளியிட்டதை செலரா எடுத்துப் பயன்படுத்திக்கொண்டது. செலராவிடம் இருந்தது இவர்களுக்குக் கிடைக்காது. ஒருவழிப் பாதை!

2000-ம் ஆண்டு பிறந்தது. அரசுத் தரப்பிடம் எழுத்துக்கள் நிறைய இருந்தன. ஆனால், சுமார் 4 லட்சம் துண்டுகளாகச் சிதறிக் கிடந்தன. எது முன்னால், எது பின்னால் என்று அடுக்க ஆளில்லை. செலராவிடம் இந்த வேலைக்கென்றே கணிதப் புலிகளும் ராட்சத கம்ப்யூட்டர்களும் இருந்தன. ஆளுக்கு முன்னால் அவர்கள் அடுக்கிவிட்டால்? ‘எங்களிடம் முழுப் புத்தகம் இருக்கிறது, அவர்களிடம் கிழிந்த காகிதம்தான்’ என்று சொல்லிவிடலாம். பேடன்ட் ஆபீஸிலும் முந்திக்கொள்ளலாம்.

இங்கேதான் நம் ஹீரோ வருகிறார். ஜிம் கென்ட். கலிபோர்னியாவில் சான்டா க்ரூஸ் பல்கலைக்கழகத்தில் உயிரியல் ஆராய்ச்சி மாணவர். மாணவர் என்றால் சின்னப் பையன் இல்லை, வயது நாற்பது! அதற்கு முன்பு அனிமேஷன் சாஃப்ட்வேர் எழுதிப் பிழைத்தவர். விண்டோஸ் 95-க்கு புரோகிராம் எழுத மைக்ரோசாஃப்ட் 12 சி.டி. அனுப்பியதாம். மனித ஜீனோமோ ஒரே சி.டி.க்குள் அடங்கும், மூன்று மாதத்துக்கு ஒருமுறை மாறவும் மாறாது... அதைப் படிப்பதே மேல் என்று தோன்றிவிட்டதாம் அவருக்கு.

அவருடைய பேராசிரியர் டேவிட் ஹௌஸ்லர் துண்டுகளை அடுக்க வழிதெரியாமல் திணறுவதைப் பார்த்தார் கென்ட். ‘நான் எழுதுகிறேன்’ என்று தன் வீட்டு கராஜில் உட்கார்ந்துவிட்டார். நான்கு வாரம். ராத்திரி பகலாக டைப் அடித்து மணிக்கட்டு வீங்கிப்போக, ஐஸ் ஒத்தடம் கொடுத்துக்கொண்டு மறுபடி டைப் அடித்தார். சுமார் 10,000 வரி புரோகிராம் தயாரானது. பல்கலைக்கழகத்தின் 100 பென்டியம்-3 கம்ப்யூட்டர்களில் அதை ஓடவிட்டார்கள்.

2000 ஜூன் 22. நான்கு லட்சம் துண்டுகளும் வரிசைக்கு வந்துவிட்டன.

செலரா தன் அடுக்கலை முடித்தது ஜூன் 25. மூன்றே நாள் வித்தியாசம்!

ஜூன் 26-ம் தேதி வெள்ளை மாளிகையில் விழா. கிளின்டனுக்கு ஒரு பக்கம் காலின்ஸ், மறு பக்கம் வென்ட்டர். சாட்டிலைட் வழியாக டோனி பிளேர். இருவரும் ‘டிரா’ செய்துகொண்ட மாதிரி ஏற்பாடு. இதற்காக அரிஸ்டைட்ஸ் பாட்ரினோஸ் என்ற அமெரிக்க அதிகாரி, சில வாரங்களுக்கு முன்பே இருவரையும் வீட்டுக்கு அழைத்து, பீட்சாவும் பீரும் கொடுத்து சமாதானம் பேசியிருந்தார். கென்ட் மட்டும் அந்த மூன்று நாளைப் பிடித்திருக்காவிட்டால், அரசுத் தரப்பு வெறுங்கையோடுதான் மேடை ஏறியிருக்கும்.

ஜூலை 7-ல் அந்த அடுக்கல் இன்டர்நெட்டில் ஏறியது. பாஸ்வேர்டு இல்லை. சந்தா இல்லை. ஏற்கெனவே ஊரறிந்த விஷயத்துக்கு ‘நான்தான் கண்டுபிடித்தேன்’ என்று பேடன்ட் கேட்பது கஷ்டம். பெர்முடாவில் போட்ட விதியின் சூட்சுமமே அதுதான்.

சரி, எழுத்தைப் படித்தாயிற்று. அர்த்தம் புரிந்ததா? அதுதான் இல்லை! பழைய ஓலைச்சுவடியைக் கையில் எடுத்துப் பாருங்கள். புள்ளி கிடையாது, சொல்லுக்குச் சொல் இடைவெளி கிடையாது. எங்கே பிரிப்பது, எது பாட்டு, எது உரை என்று கண்டுபிடிக்க உ.வே.சா. எவ்வளவு பாடுபட்டார்! ஜீனோமும் அப்படித்தான். 300 கோடி எழுத்தில் புரதம் தயாரிக்கும் குறிப்பு நூற்றுக்கு ஒன்றிரண்டு பங்குதான். மீதிக்கு நடுவே அது எங்கே ஒளிந்திருக்கிறது என்று அடையாளம் போடுவதே தனிக் கலை.

மனிதனுக்கு மொத்தம் எத்தனை ஜீன்? 2000-ல் விஞ்ஞானிகள் இதை வைத்து ஒரு பந்தயமே நடத்தினார்கள். லட்சத்துக்கு மேல் என்று கட்டியவர்களும் உண்டு. 2003-ல் ஜெயித்தது, இருப்பதிலேயே குறைவாகச் சொன்ன லீ ரோவன் என்ற பெண் விஞ்ஞானி. அவர் சொன்னது 25,947. நிஜம் அதைவிடவும் குறைவு. புரதம் தயாரிக்கும் ஜீன்கள் சுமார் 20,000 என்பதுதான் இன்றைய கணக்கு. ஒரு மில்லிமீட்டர் நீளப் புழுவுக்கும் ஏறக்குறைய அவ்வளவுதான்!

2003-ல் ‘முடிந்தது’ என்று அறிவித்தபோதுகூட, படிக்க முடியாமல் சுமார் 8 சதவிகிதம் பாக்கி. அந்த ‘சுப்ரமணியன்’ பக்கங்களையும் முழுக்கப் படித்து முடிக்க 2022 ஆனது.

பேடன்ட் கதை என்ன ஆயிற்று? செலராவின் சந்தா வியாபாரம் எடுபடவில்லை. 2005-ல் தன்னிடம் இருந்த ஜீனோம் தகவலைப் பொதுவில் கொடுத்துவிட்டது. ஆனால், பூட்டி வைத்த அந்தச் சில வருடங்களுக்கும் ஒரு விலை இருந்தது. ஹெய்டி வில்லியம்ஸ் என்ற பொருளாதார நிபுணர் கணக்குப் போட்டுப் பார்த்து 2013-ல் வெளியிட்டார். செலரா பூட்டி வைத்திருந்த ஜீன்களில், பின்னாளில் நடந்த ஆராய்ச்சிகளும் வந்த பரிசோதனைகளும் மற்ற ஜீன்களைவிட 20 முதல் 30 சதவிகிதம் குறைவு. இத்தனைக்கும் பூட்டு அதிகபட்சம் இரண்டு வருடம்தான்!

அதே 2013 ஜூனில் அமெரிக்க சுப்ரீம் கோர்ட் ஒரு தீர்ப்பு சொன்னது. மார்பகப் புற்றுநோயோடு தொடர்புள்ள இரண்டு ஜீன்களுக்கு மிரியட் என்ற கம்பெனி பேடன்ட் வைத்திருந்தது. பரிசோதனைக்கு 3,000 டாலருக்கு மேல். அம்மாவையோ அக்காவையோ அந்த நோய்க்குப் பறிகொடுத்த பெண், தனக்கும் வருமா என்று தெரிந்துகொள்ள இந்தப் பணத்தைக் கட்டியாக வேண்டும். சந்தேகம் வந்தால் இன்னோர் இடத்தில் சரிபார்க்கவும் வழியில்லை. ‘இயற்கையில் இருக்கும் டி.என்.ஏ.வுக்கு பேடன்ட் கிடையாது’ என்று ஒன்பது நீதிபதிகளும் ஒரே குரலில் சொன்னார்கள். பரிசோதனைக் கூடத்தில் செயற்கையாக உருவாக்கும் நகலுக்கு மட்டும் விதிவிலக்கு. தீர்ப்பு வந்த கையோடு மற்ற லேப்கள் குறைந்த விலைக்கு டெஸ்ட்டை அறிவித்தன.

எழுத்துக்கு ஒரு டாலர் என்று ஆரம்பித்த வேலை, இன்று முழு மனிதனுக்கும் சேர்த்தே சில நூறு டாலரில் முடிகிறது. விலையை இப்படிச் சரித்த தொழில்நுட்பத்தை உருவாக்கிய இருவரில் ஒருவர், சென்னையில் பிறந்து இங்கிலாந்தில் வளர்ந்த சங்கர் பாலசுப்ரமணியன்.

கென்ட் தொடங்கிவைத்த அந்த இணையதளம் இன்றும் இருக்கிறது. உங்கள் செல்போனிலேயே திறந்து பார்க்கலாம். எந்த குரோமோசோம் வேண்டும், எந்த ஜீன் வேண்டும்? தட்டினால் வரும். ஏ, சி, ஜி, டி என்று ஓடுகிற வரிகளில் ஒன்றுமே புரியாமல் போகலாம். பரவாயில்லை. உங்கள் சொத்துப் பத்திரத்தில் இருப்பது மட்டும் முழுசாகப் புரிந்துவிட்டதா என்ன? உங்கள் பெயரில் இருக்கிறது என்பதுதானே முக்கியம்!