மலைமேல் விழுந்த வெளிச்சம் – 4
ஒரு பாட்டு பாக்கி

டேவிட் லீன் "மழை!" என்று குரல் கொடுத்தார், மழை கொட்டியது. பள்ளிச் சுற்றுலா வந்த மட்டக்களப்புப் பையன் வாய்பிளந்து நின்றான். சென்ற வாரம் அவனை அங்கேதான் விட்டு வந்தோம்.

இலங்கையில் நடந்த 'த பிரிட்ஜ் ஆன் த ரிவர் குவாய்' படப்பிடிப்பு அது. மழையை வரவழைக்கிற அந்த வேலைதான் தனக்கும் வேண்டும் என்று அன்றே முடிவு செய்ததாகப் பின்னாளில் பலமுறை சொன்னார் பாலு மகேந்திரா. 1969-ல் புனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு படித்து முடித்தார். ராமு காரியத்தின் 'நெல்லு' (1974) அவரை வயநாட்டு மலைக்குக் கூட்டிப்போனது. கேரள அரசின் விருதும் கிடைத்தது. சித்தூர், திருப்பதிப் பக்கத்து வாசகர்களுக்கு அவர் 'சங்கராபரண'த்தின் ஒளிப்பதிவாளர். அதற்கு இன்னும் சில வருடம் இருக்கிறது.

மலையைப் படமெடுப்பது என்ன பெரிய வித்தை என்று கேட்பவர்கள், திருப்பதியில் ஒரு நாள் முழுக்கச் சேஷாசலத்தையே பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். காலைச் சாய்வெயிலில் அந்தச் செம்பாறை மடிப்பு மடிப்பாக எழுந்து நிற்கும். உச்சிவேளையில் அதே மலை சுவரில் ஒட்டிய தாள் போலாகிவிடும். நிழல் விழுந்தால்தான் மலைக்கு உடம்பு. இயற்கை வெளிச்சத்தை நம்பிய பாலு மகேந்திரா, அந்த நிழலைப் படத்துக்குள் கொண்டுவந்தவர்.

1978. கதை வசனம் எழுதிவந்த மகேந்திரன் முதல்முறையாக இயக்குகிறார். வசனம் குறைய வேண்டும், காட்சி பேச வேண்டும் என்பது அவர் பிடிவாதம். அதற்கேற்ற ஆள் என்று பாலு மகேந்திராவை அவரிடம் அனுப்பியவர் கமல்ஹாசன். 'முள்ளும் மலரும்' குழு சிருங்கேரிக்குப் போனது. விஞ்ச் ஆபரேட்டர் காளியாக ரஜினிகாந்த். அந்த விஞ்ச் சரிவில் ஏறி இறங்கும்போதெல்லாம் மலையும் காளியோடு சேர்ந்து முறைக்கிறது என்றே எனக்குத் தோன்றும். தமிழ் சினிமாவில் அதற்குமுன் மலை பெரும்பாலும் காதலர்கள் ஓடியாடும் இடமாகத்தான் இருந்தது.

படம் ஏறக்குறைய முடிந்தது. பாக்கி ஒரே ஒரு பாட்டு. மலைப்பாதையில் சரத்பாபு ஜீப் ஓட்டிக்கொண்டே பாட வேண்டும். இளையராஜா மெட்டு, யேசுதாஸ் குரல்.

தயாரிப்பாளர் கையை விரித்துவிட்டார். இதற்குமேல் செலவு செய்ய முடியாது. பாட்டு இல்லாமலே படம் வரட்டும்.

மகேந்திரன் ஒருவரிடம் போய் விஷயத்தைச் சொன்னார். அந்தப் படத்தில் ஒரு காட்சியில்கூட நடிக்காதவர் அவர். கேட்டவர் சொன்ன பதில்...

(தொடரும்)