பரணில் கிடந்த ஒலிநாடாக்கள்

பங்க் ராக் வரலாற்றை எழுதியவர்கள் நியூயார்க்கிலும் லண்டனிலும் தொடங்குவார்கள். ரமோன்ஸ், செக்ஸ் பிஸ்டல்ஸ் என்று வெள்ளை இளைஞர்களின் பெயர்களே வரிசையாக வரும். டெட்ராய்ட் நகரின் கறுப்பினச் சகோதரர்கள் டேவிட், பாபி, டேனிஸ் ஹாக்னி மூவருக்கும் அந்த வரிசையில் முப்பது ஆண்டுகளுக்கு மேல் இடமில்லை. அவர்கள் குழுவின் பெயர் டெத், அதாவது சாவு. தந்தை விபத்தில் இறந்த பிறகு டேவிட் வைத்த பெயர் அது.

1975இல் அவர்கள் ஏழு பாடல்களைப் பதிவு செய்தார்கள். கறுப்பர் என்றால் மோட்டவுன் பாணியில்தான் பாட வேண்டும் என்று எதிர்பார்த்த ஊர். பெயரை மாற்றினால் ஒப்பந்தம் என்று இசைத்தொழிலின் பெரும்புள்ளி கிளைவ் டேவிஸ் சொன்னதாகச் சகோதரர்கள் கூறுகிறார்கள். டேவிட் மறுத்துவிட்டார். நமக்கு என்ன பெயர் என்பதை மேலே இருப்பவன் தீர்மானிப்பதை நன்கறிந்த நாம், இதை வெறும் பிடிவாதம் என்று கடந்துபோக முடியாது.

1976இல் சொந்தச் செலவில் இரண்டு பாடல்களை மட்டும் 500 இசைத்தட்டுகளாக வெளியிட்டார்கள். வானொலிகள் கண்டுகொள்ளவில்லை. குழு கலைந்தது, சகோதரர்கள் வெர்மான்ட் மாநிலத்துக்குப் போனார்கள். மூல ஒலிநாடாக்கள் பாபி வீட்டுப் பரணுக்குப் போயின. உலகம் ஒருநாள் இவற்றைத் தேடி வரும் என்று தம்பிகளிடம் சொல்லிவிட்டு, 2000இல் டேவிட் இறந்தார்.

தேடி வந்தவர்கள் ரசிகர்கள். பழைய தட்டுகளுக்காக அலைகிறவர்கள் கையில் அந்த 500இல் சில சிக்கின. பிரதி எடுத்தார்கள், பகிர்ந்தார்கள். எந்தப் பல்கலைக்கழகமும் செய்யாத வேலை இது. ஆனால் இந்த ரசிகர் ஆவணத்தை அப்படியே கொண்டாடவும் நாம் தயாராக இல்லை. ஒரு தட்டு நூற்றுக்கணக்கான டாலருக்குக் கைமாறியபோது அதில் ஒரு காசுகூடப் பாடியவர்களுக்குப் போகவில்லை. தவிர, ரசிகர்கள் காப்பாற்றியவை இரண்டே பாடல்கள். மீதி ஐந்தும் பிழைத்தது ஒரு குடும்பம் பரணைக் காலி செய்யாததால்.

2008இல் பாபியின் மகன் கலிஃபோர்னியாவில் ஒரு விருந்தில் அந்தப் பாட்டைக் கேட்டார். குரல் அப்பாவுடையது! பிள்ளைகளுக்கு அதுவரை எதுவும் தெரியாது. பரணும் பிரதியும் அங்கேதான் சந்தித்தன. 2009இல் டிராக் சிட்டி நிறுவனம் ஏழு பாடல்களையும் வெளியிட்டது. பாபியின் மகன்கள் அந்தப் பாடல்களை மேடையில் பாட ஒரு குழு தொடங்கினார்கள். அதற்கு வைத்த பெயர் ரஃப் பிரான்சிஸ். பெரியப்பா டேவிட் தனக்குத்தானே சூட்டிக்கொண்ட பெயர்.