குழந்தைக்கான ஜீவனாம்சம்... கெடு முடிஞ்ச பிறகு அப்பீல் போக முடியுமா?

குழந்தைக்கு மாதம் 10,000 ரூபாய் கொடுக்கணும்னு கோர்ட் சொல்லிடுச்சுன்னு வைத்துக்கொள்வோம். 'தொகை அதிகம், அப்பீல் போகலாம்' என்று நினைத்த அப்பா, கோபத்தில் அப்படியே விட்டுவிடுகிறார். எட்டு மாதம் கழித்து வாரன்ட் வந்ததும்தான் வக்கீலைத் தேடி ஓடுகிறார். இனி என்ன நடக்கும்? நீங்கள் பணம் கட்டுபவராக இருந்தாலும், வாங்குபவராக இருந்தாலும் இதைத் தெரிந்துவைத்துக்கொள்ளுங்கள்.

எத்தனை நாள் கெடு?

குழந்தைக்கான ஜீவனாம்சத்தை முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125-வது பிரிவில் கேட்பார்கள். 2024 ஜூலை 1 முதல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 144-வது பிரிவு அந்த இடத்துக்கு வந்துவிட்டது. இந்தப் பிரிவில் குடும்ப நல நீதிமன்றம் தரும் உத்தரவை எதிர்த்து 'அப்பீல்' கிடையாது. உயர் நீதிமன்றத்தில் சீராய்வு மனுதான் போட முடியும். அதற்கு 90 நாள் கெடு. உத்தரவின் சான்றிட்ட நகல் வாங்க ஆன நாள்களைக் கழித்துவிடலாம். குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டத்தில் வந்த உத்தரவு என்றால், செஷன்ஸ் கோர்ட்டில் 30 நாளுக்குள் அப்பீல் செய்ய வேண்டும்.

கெடு தாண்டிவிட்டால்?

கதவு முழுசா மூடிடாது. காலவரையறைச் சட்டத்தின் 5-வது பிரிவின்படி, தாமதத்தை மன்னிக்கக் கோரி தனி மனு போட வேண்டும். 'தொகை நியாயமா, இல்லையா' என்ற கேள்விக்குள் கோர்ட் போவதே இந்த மனுவைத் தாண்டிய பிறகுதான். ஆஸ்பத்திரியில் இருந்தேன் என்றால் டிஸ்சார்ஜ் சம்மரி, வெளிநாட்டில் இருந்தேன் என்றால் பாஸ்போர்ட் முத்திரை என ஆதாரம் காட்டுங்கள். 'வக்கீல் சொல்லவே இல்லை' என்ற ஒற்றை வரியை மட்டும் நம்பிப் போகாதீர்கள்.

நோட்டீஸே கைக்கு வராமல், நீங்கள் இல்லாமலே எக்ஸ்பார்ட்டி உத்தரவு போட்டுவிட்டார்களா? உத்தரவு தேதியிலிருந்து மூன்று மாதத்துக்குள், தகுந்த காரணம் காட்டி அதே நீதிமன்றத்தில் ரத்து செய்யச் சொல்லிக் கேட்கலாம்.

வேலை போய்விட்டது, சம்பளம் குறைந்துவிட்டது என்பதுதான் உண்மையான பிரச்னை என்றால், அதற்குத் தனி வழி இருக்கிறது. 146-வது பிரிவில் தொகையை மாற்றக் கேட்கலாம்.

மனு போட்டாச்சு, பணம் கட்ட வேண்டாமா?

பலர் சறுக்கும் இடம் இதுதான். மனு போட்டதாலேயே உத்தரவு நின்றுவிடாது. தடை உத்தரவு கிடைத்தால்தான் நிற்கும். அதற்கும்கூட, நிலுவையில் ஒரு பகுதியைக் கட்டச் சொல்லி நீதிமன்றங்கள் நிபந்தனை போடுவது உண்டு. கட்டாத ஒவ்வொரு மாதத் தொகைக்கும் ஒரு மாதம் வரை சிறைத் தண்டனை விதிக்கலாம். 'உள்ளே இருந்துட்டு வந்தா கணக்கு முடிஞ்சது' என்பதும் தப்பு. சிறைக்குப் போனாலும் பாக்கி தீராது என்று 1988-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

நீங்கள் காத்திருப்பவர் என்றால்...

எதிர்த்தரப்பு சீராய்வுக்குப் போயிருக்கிறது என்பதற்காகச் சும்மா இருக்காதீர்கள். ஒவ்வொரு மாதத் தொகையையும், அது கொடுக்கப்பட வேண்டிய தேதியிலிருந்து ஓராண்டுக்குள் வசூல் மனு போட்டுக் கேட்க வேண்டும். விட்டுவிட்டால் வாரன்ட் மூலம் வசூலிக்கும் வாய்ப்பு கைநழுவிவிடும். தாமத மன்னிப்பு மனுவில் உங்களுக்கும் நோட்டீஸ் வரும். கட்டாத மாதங்களின் கணக்கு, பேங்க் ஸ்டேட்மென்ட், ஸ்கூல் ஃபீஸ் ரசீது எல்லாவற்றையும் பதில் மனுவோடு சேர்த்துக் கொடுங்கள்.

வக்கீல் வைக்க வசதி இல்லையா? பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் வருமான வரம்பு இல்லாமல் இலவச சட்ட உதவி உண்டு. 15100 என்ற எண்ணுக்கு போன் செய்யலாம்.

பெரியவர்களின் வழக்கு எவ்வளவு வேண்டுமானாலும் இழுக்கலாம். குழந்தையின் பால், மருந்து, பள்ளிக் கட்டணம் எதுவும் வாய்தா வாங்கிக்கொண்டு காத்திருக்காது. உத்தரவில் குறை இருந்தால் கெடுவுக்குள் எதிர்த்துப் போராடுங்கள். அதுவரை உங்களால் முடிந்த தொகையையாவது குழந்தையின் பெயரில் மாதாமாதம் கட்டிவிடுங்கள். தாமதத்துக்குக் காரணம் சொல்லி நிற்கும்போது, அந்த ரசீதுகள் உங்கள் நல்லெண்ணத்துக்குச் சாட்சியாக இருக்கும்.