முந்தியவர் யார்? – கேரள எல்லைப் பள்ளிகளில் தலைமையாசிரியர் பதவியும் சட்டமும்

மூணாறு போகும் வழியில் பள்ளிவாசலுக்குப் பக்கத்தில் இருக்கும் மலை ஊர் சித்திரபுரம். அங்கும் சுற்றியுள்ள தேயிலைத் தோட்டங்களிலும், அந்தப் பக்கம் பாலக்காட்டின் சித்தூரிலும், தமிழ்ப் பள்ளி என்றால் பெற்றவர்கள் கேட்பது, "ஹெட்மாஸ்டர் யாரு, நம்ம பாஷை தெரிஞ்சவரா?" என்பதுதான். சட்டம் கேட்பதோ வேறு: "யார் முந்தி வேலைக்குச் சேர்ந்தவர்?" இந்த இரண்டு கேள்விகளும் ஏன் சேரவில்லை என்பதை வரலாற்று வழியில் பார்ப்போம்.

மூன்று ஆட்சி, ஒரே பட்டியல்

1956 நவம்பர் 1 அன்று கேரள மாநிலம் உருவானது. தேவிகுளமும் பீர்மேடும் திருவிதாங்கூரிலிருந்தும், சித்தூர் கொச்சியிலிருந்தும், பாலக்காடு சென்னை மாகாணத்து மலபாரிலிருந்தும் வந்தவை. மூன்று ஆட்சியிலும் அரசு வாத்தியார்களின் சம்பளமும் பதவிப் பெயரும் வெவ்வேறு. இவர்களில் யார் சீனியர்? மாநிலச் சீரமைப்புச் சட்டத்தின் 115ஆம் பிரிவு இந்தப் பொறுப்பை மத்திய அரசிடம் ஒப்படைத்தது. பதவிகளை ஒப்பிட நான்கு அளவுகோல்கள் வைத்தார்கள்: வேலையின் தன்மை, பொறுப்பும் அதிகாரமும், குறைந்தபட்சக் கல்வித் தகுதி, சம்பளம். எல்லா இலாகாவுக்கும் பொதுவான இந்த நாலில் மொழிக்கு இடமில்லை.

மேனேஜரும் வாத்தியாரும்

தனியார் பள்ளிகளின் கதை வேறு. அங்கே வேலை கொடுப்பதும் நிறுத்துவதும் மேனேஜர் கையில் இருந்தது. இதைக் கட்டுப்படுத்தத்தான் 1957இல் ஈ.எம்.எஸ். அமைச்சரவையின் கல்வி அமைச்சர் ஜோசப் முண்டசேரி கல்வி மசோதாவைக் கொண்டுவந்தார். குடியரசுத் தலைவர் அதை உச்ச நீதிமன்றத்தின் கருத்துக்கு அனுப்பினார். 1958 மே மாதம் கருத்து வந்தது. திருத்தங்களுடன் சட்டம் 1959 ஜூன் 1இல் நடைமுறைக்கு வந்தது. அமைச்சரவை அடுத்த மாதமே கலைக்கப்பட்டது, சட்டம் நிலைத்தது.

அந்தச் சட்டத்தின் கீழ் வந்த கேரளக் கல்வி விதிகளில், 14ஏ அத்தியாயத்தின் 37ஆம் விதி சீனியாரிட்டியைச் சொல்கிறது. ஒரே நிலையில் தொடர்ந்து பார்த்த சேவைதான் கணக்கு. அது சமமானால் முதல் நியமனத் தேதி. அதுவும் சமமானால் வயதில் மூத்தவர். 44ஆம் விதிப்படி தலைமையாசிரியர் பதவி பொதுவாக மூத்தவருக்கே. வேறொருவரை மேனேஜர் வைக்க நினைத்தால், உரிமையுள்ள மூத்தவர் அதை நிரந்தரமாக விட்டுக்கொடுப்பதாக எழுதித் தர வேண்டும். கையெழுத்துப் போட்டால் போனது போனதுதான்!

வழக்குகள் பிறப்பது இங்கேதான். நடுவில் சேவை முறிந்ததா, தகுதி எந்தத் தேதியில் கிடைத்தது, விட்டுக்கொடுத்தது மனமொப்பியா என்று தகராறு. உதவி பெறும் பள்ளி வாத்தியார் கல்வி அதிகாரியிடம் தொடங்கி, அரசு, உயர் நீதிமன்றம் என்று ஏறி இறங்க வேண்டும். அரசுப் பள்ளி ஆசிரியர்களுக்கு 2010 முதல் கேரள நிர்வாகத் தீர்ப்பாயம் இருக்கிறது.

சிறுபான்மை உரிமை என்னும் இருமுனைக் கத்தி

1998இல் எம்ஜே உயர்நிலைப் பள்ளி வழக்கில் உச்ச நீதிமன்றம் முக்கியமான ஒரு தீர்ப்பைத் தந்தது. தலைமையாசிரியர்தான் பள்ளியின் அச்சாணி. ஆகவே அவரைத் தேர்ந்தெடுக்கும் உரிமை சிறுபான்மை நிர்வாகத்துக்கு உண்டு, சீனியாரிட்டி அதைக் கட்டுப்படுத்தாது என்றது. 2002இல் டி.எம்.ஏ. பை வழக்கில் 11 நீதிபதிகள் கொண்ட அமர்வு, யார் சிறுபான்மை என்பதை மாநில அளவில்தான் பார்க்க வேண்டும் என்றது. அதன்படி கேரளத்தில் தமிழர் மொழிச் சிறுபான்மையினர்.

இதனால் தமிழ் நிர்வாகம் ஒன்று தமிழ் தெரிந்தவரைத் தலைமைக்குக் கொண்டுவர முடியும். நல்லதுதான். அதே உரிமையை வைத்து, 25 வருஷம் உழைத்த தமிழ் வாத்தியாரை ஒதுக்கிவிட்டு வேண்டியவரை உட்கார வைக்கவும் முடியும். அரசுப் பள்ளிக்கோ இந்த உரிமை உதவாது. அங்கே தமிழ்வழி ஆசிரியர் பணிக்குத் தேர்வாணையம் தனியாக அறிவிப்பு வெளியிடுகிறது. மொழியை வாசலில் கேட்கிறார்கள்; பதவி உயர்வில் முன்னால் நிற்பது சேவை ஆண்டுதான்.

என்ன செய்யலாம்?

சீனியாரிட்டியை உடைப்பது தீர்வல்ல. ஏழை வாத்தியாருக்கு மேனேஜரின் தயவிலிருந்து விடுதலை தந்தது அதுதான். ஆனால் அந்த விதிகளிலேயே வழியும் இருக்கிறது. உயர்நிலைப் பள்ளித் தலைமைக்கு 12 வருஷச் சேவையோடு கல்வி விதிகள், கணக்கு ஆகியவற்றில் இலாகாத் தேர்வும் கேட்கிறார்கள். கணக்குத் தெரிய வேண்டும் என்று கேட்கலாமென்றால், தமிழ்ப் பள்ளியில் தமிழ் தெரிய வேண்டும் என்று கேட்பதில் என்ன தப்பு? முதலில் மொழித் தகுதி, தகுதி உள்ளவர்களுக்குள் சீனியாரிட்டி என்று வைத்தால் இரண்டு நியாயமும் காக்கப்படும்.

வெளி மாநிலங்களில் பள்ளி நடத்தும் நம் சங்கங்களுக்கும் இதில் பாடம் உண்டு. தலைவரைத் தேர்ந்தெடுக்கும் உரிமை நமக்கும் இருக்கலாம். ஆனாலும் ஆசிரியர் வரிசைப் பட்டியலை ஆண்டுதோறும் எழுதி, எல்லோரும் பார்க்கும்படி ஒட்டுங்கள். மூத்தவரைத் தாண்டிப் போவதானால் காரணத்தை எழுத்தில் கொடுங்கள். கோர்ட்டுப் படி ஏறும் வாத்தியார் வகுப்பில் இருக்க மாட்டார். நஷ்டம் நம் பிள்ளைகளுக்குத்தான்.