குழாய்க்குள் கம்பி இழுத்த வரலாறு



பெங்களூரில் மல்லேசுவரத்தை அடுத்துள்ளது ஸ்ரீராம்புரம். பஞ்சாலை வேலையை நம்பி வந்த தமிழ்க் குடும்பங்கள் பல இங்கே நிலைகொண்டன. நான் மாற்றலாகி வந்த புதிதில் இப்பகுதியில் ஓர் ஒண்டுக் குடித்தனத்தில் இருந்தேன். ஓரிரவு கூடத்து விளக்கு அணைந்தது. கம்பி கருகிய நாற்றமும் வந்தது. மறுநாள் வயர்மேன் வந்தார். சுவரை இடித்துவிடுவாரோ என வீட்டுக்காரர் அஞ்சினார். வந்தவரோ பையிலிருந்து ஓர் எஃகு நாடாச் சுருளை எடுத்தார். அரைமணி நேரத்தில் பழைய கம்பி வெளியேறிற்று. புதியது உள்ளே புகுந்தது. சுவரில் ஒரு கீறலும் இல்லை.

இந்நகருக்கு மின்சாரம் வந்த வரலாறு பலரும் அறிந்ததே. காவிரியின் சிவசமுத்திர அருவியில் பிறந்த மின்சாரம், 1902 ஜூன் 30 அன்று, 92 மைல் தொலைவிலுள்ள கோலார் தங்கவயலை எட்டிற்று. அச்சுரங்கங்களில் உழைத்தோரில் தமிழர் மிகப் பலர். இத்திட்டத்துக்கு வழிகோலிய திவான் சேஷாத்ரி ஐயர், அதன் நிறைவைக் காணாமலே 1901 இல் மறைந்தார். 1905 ஆகஸ்டு 5 அன்று பெங்களூர்த் தெருக்களில் மின்விளக்கு எரிந்தது.

கம்பத்தின் உச்சி வரையில் மின்சாரத்தைக் கொண்டுவந்தவர்களை நாம் போற்றுகிறோம். கம்பத்திலிருந்து கூடத்துக்கு அதைக் கொண்டுவந்தவர்களை ஏனோ எழுதுவாரில்லை. தொடக்கத்தில் கம்பிகளைப் பீங்கான் பிடிகளில் சுவரோரம் ஓட்டினர். பின்னர் மரச்சட்டங்களில் பள்ளம் தோண்டிப் பதித்து மேலே மூடியறைந்தனர். மரமும் சூடான கம்பியும் நெடுநாள் நட்பாயிருத்தல் அரிது. எடிசனோடு நியூயார்க்கில் தொழில் செய்த சிக்மண்ட் பெர்க்மன், தாயகம் மீண்டு 1891 இல் பெர்லினில் தொழிற்சாலை நிறுவினார். அங்கே பிசினூட்டிய காகிதக் குழாய்களை உருவாக்கினார். அவற்றுக்குப் பின்னர் தகட்டுறையும் இடப்பட்டது. அடுத்து எஃகுக் குழாயும், மிகப் பிற்காலத்தில் பி.வி.சி. குழாயும் பரவின. கம்பி கெட்டாலும் சுவரை உடைக்காமல் மாற்றலாம் என்பதே குழாயின் பெருநன்மை. ஆயின் கம்பி தானாகக் குழாய்க்குள் நுழையாதே!

அதற்கு வந்ததே எஃகு நாடா. ஆங்கிலத்தில் இதற்கு ‘ஃபிஷ் டேப்’ என்று பெயர். தூண்டிலிட்டு மீன் பிடிப்பதை நினைத்து இட்டிருக்க வேண்டும். நம் தொழிலாளர் வெறுமனே ‘ஸ்பிரிங்’ என்பர். ஒரு பெட்டியின் வாயில் நாடாவைச் செலுத்தி, மறு பெட்டியில் தலைகாட்டியதும், அதன் கொக்கியில் கம்பிகளின் முனைகளை ஒன்றன்பின் ஒன்றாகப் பின்வாங்கிக் கட்டி, டேப்பைச் சுற்றிக் கூம்பாக்குவர். எல்லா முனைகளையும் ஒரே இடத்தில் கட்டினால் முடிச்சுப் பருத்து வளைவில் சிக்கிக்கொள்ளும். கம்பியின் மீது பவுடர் தூவுவர். எண்ணெயும் கிரீசும் ஆகா. பழைய ரப்பர் உறையை அவை கெடுத்துவிடும். ஒருவர் தள்ள, மற்றவர் சீராக இழுக்க வேண்டும்.

வளைவுகளே பகை. ஒவ்வொரு வளைவிலும் உராய்வு கூட்டலாக ஏறாமல் பெருக்கலாக ஏறுகிறது. துறைமுகத்தில் கட்டையில் நாலு சுற்றுச் சுற்றிய கயிறு பெருங்கப்பலை நிறுத்துவதும் இதனாலேதான். ஆகவே இரு பெட்டிகளுக்கிடையே உள்ள வளைவுகள் மொத்தம் 360 பாகைக்கு, அதாவது நான்கு செங்கோணத் திருப்பங்களுக்கு, மிகலாகாதென அமெரிக்க மின்விதி நூல் விதித்தது. மூன்றும் அதற்கு மேலும் கம்பிகள் செல்லுங்கால், குழாயின் உட்பரப்பில் நூற்றுக்கு 40 பங்குக்கு மேல் அடைக்கலாகாதென்பதும் அந்நூலின் விதியே. செலவைச் சுருக்க எண்ணிச் சிறு குழாய் வாங்குவோர் இதை நினைவிற்கொள்ளல் நலம்.

இனி, ஆபத்தைச் சொல்ல வேண்டும். எஃகு நாடா கண்ணில்லாதது. குழாய்க்குள் ஊர்ந்து ஸ்விட்ச் பலகைக்குள் தலைநீட்டி, அங்கே உயிரோடுள்ள முனையைத் தொட்டால், மறுமுனையைப் பற்றியிருப்பவரின் கைக்கே மின்சாரம் வந்துவிடும். எங்கள் வீட்டுக்கு வந்தவர் முதலில் மெயினை அணைத்து, பியூஸ் கட்டையைப் பிடுங்கித் தம் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார். அத்துடன் நிற்கவில்லை. பக்கத்துக் குடித்தனத்தாரின் மெயினையும் அணைக்கச் சொன்னார். அவ்வம்மையாரோ, “உங்கள் வீட்டு வேலைக்கு எங்கள் விளக்கை ஏன் அணைக்க வேண்டும்?” என்று வாதிட்டார். பெட்டியைத் திறந்து டெஸ்டரை வைத்துக் காட்டியபோதுதான் விளங்கிற்று: எங்கள் மெயின் அணைந்திருந்தும், அவர்கள் வீட்டுக் கம்பியொன்று எங்கள் குழாய் வழியே உயிரோடு ஓடிக்கொண்டிருந்தது. கன்னடத்தார் ‘வடாரா’ என்று சொல்லும் இத்தகைய வரிசை வீடுகளில், பின்னாளில் அறைகளைப் பிரித்து வாடகைக்கு விடுங்கால் இப்படி நேர்வதுண்டு. அவர் கேளாதிருந்தால் என்ன நேர்ந்திருக்கும் என்பதை அன்றிரவு எண்ணிப் பார்த்தேன், உறக்கம் வரவில்லை.

உரிமம் பெற்ற ஒப்பந்ததாரரைக் கொண்டு, தகுதிச் சான்று பெற்றவரின் மேற்பார்வையில்தான் மின்வேலை நடக்க வேண்டுமென 1956 ஆம் ஆண்டின் இந்திய மின்சார விதிகள் வகுத்தன. அவ்விதிகளின் இடத்தில் இன்று வேறு ஒழுங்குமுறைகள் வந்துள்ளன. மின்கடத்தா நைலான் நாடாவும், கண்ணாடியிழைக் கோலும் கடைகளில் கிடைக்கின்றன. அவை கையில் இருப்பினும் மெயினை அணைத்தே தீரவேண்டும். இழுபடும் செம்புக்கம்பி மின்சாரத்தைக் கடத்துமன்றோ?

பழைய எஃகுக் குழாயுள்ள வீடுகளில் இன்னொன்றும் உண்டு. துருப்பிடித்த உட்புறமும், அராவி மழுப்பாத வாய்விளிம்பும் கம்பியின் உறையைச் சீவிவிடும். எர்த் சரியில்லாத வீட்டில், அதன்பின் குழாயே மின்சாரம் ஏறி நிற்கும். ஆகவே கம்பி வர மறுத்தால் வெடுக்கென இழுக்கலாகாது. திரும்ப வாங்கி, இடையிலுள்ள பெட்டியைத் திறந்து, பாதித் தொலைவாக இழுக்க வேண்டும். இன்னும் அரைமணி நேரம் கூடுதலாகும்; வயர்மேனுக்கு ஒரு காப்பியும் கொடுக்க நேரும்.