தேங்காய்ப்பால் தக்காளிச் சூப்

பல் இல்லாத முதியவர்கள், தாடையில் காயப்பட்டவர்கள் போன்று மென்று சாப்பிட முடியாதவர்களுக்கு ஏற்ற சூப் இது. பட்டரோ கிறீமோ வேண்டியதில்லை. பருப்புச் சேர்ப்பதால் புரதமும் கிடைக்கும்.

தேவையானவை: பழுத்த தக்காளி 6, மைசூர்ப் பருப்பு ஒரு பிடி, சின்ன வெங்காயம் 8, உள்ளி 4 பல், கெட்டித் தேங்காய்ப்பால் அரைக் கப், நல்லெண்ணெய், கறிவேப்பிலை, மல்லியிலை, மிளகுதூள், உப்பு.

செய்முறை: பருப்பை 3 கப் தண்ணீரில் குழைய அவியுங்கள். வெங்காயம், உள்ளி, கறிவேப்பிலையை எண்ணெயில் வதக்கி, நறுக்கிய தக்காளியுடன் பருப்பில் சேர்த்து 15 நிமிடம் கொதிக்கவிடுங்கள். ஆறியதும் அரைத்து வடித்து, உப்புச் சேர்த்துச் சூடாக்குங்கள். அடுப்பை அணைத்த பிறகே பாலை விடுங்கள். கொதிக்கும்போது விட்டால் தக்காளியின் புளிப்பில் திரைந்துவிடும். பொடியாக அரிந்த மல்லியிலையும் மிளகுதூளும் தூவுங்கள். வாயில் புண் உள்ளவர்களுக்கு மிளகு வேண்டாம், இளஞ்சூட்டில் கொடுங்கள்.